வெள்ளைக் குண்டூசிப் பாத்தி

அந்த வருஷத்துக் கோடையில்தான் பாலகண்டி காலனிக்காரர்கள் கடிகாரம் பார்ப்பதை விட்டுவிட்டு எஸ்தாக்கியைப் பார்க்கத் தொடங்கினார்கள். அவர் கைருன்னிசாவின் கடை வாசலில் பால் பாக்கெட்டோடு நின்றால் பள்ளிக்கூட வேன் வரும் நேரம். தன் வீட்டு கேட்டில் கைவைத்து நின்றால் ரேஷன் கடை திறக்கும் நேரம். வெள்ளைப் பூப்பாத்தி ஓரத்தில் முக்காலி போட்டு உட்கார்ந்துவிட்டால் உச்சிப்பொழுது. அதற்குப் பிறகு மேற்கே நகர்ந்து நகர்ந்து போஜனின் கேரட் காட்டு வரப்பில் போய் நின்றாரென்றால் மேய்ச்சலுக்கு விட்ட மாட்டைப் பிடித்துக் கட்டவேண்டும். மேகம் மூடிய நாட்களில் மட்டும் காலனிக்கு மணி தெரியாது. அன்றைக்கு எஸ்தாக்கிக்கு நிழல் இல்லை, நிழல் இல்லாத மனிதர் எங்கே வேண்டுமானாலும் இருப்பார்.

ஊட்டியிலிருந்து மேற்கே வரும் பஸ் திரும்பி நிற்கிற கடைசி வளைவில் அந்தக் காலனி இருந்தது. டீ பேக்டரியில் கொழுந்தை வாட்டும் மாடியில் முப்பது வருஷம் மேஸ்திரியாக இருந்து, பச்சை இலை எப்போது சோரும், எப்போது சுருளும் என்று தொட்டுப் பார்த்தே சொல்லிப் பழகிய எஸ்தாக்கி, ஓய்வு பெற்ற பிறகு செய்த ஒரே காரியம் தோட்டம் போட்டதுதான். வருஷா வருஷம் மே மாதப் பூக்காட்சிக்கு முன்னால் மலையில் வீட்டுத் தோட்டப் போட்டி நடக்கும், நடுவர்கள் வீடு வீடாக வந்து பார்ப்பார்கள், எஸ்தாக்கிக்கு ஒரு தடவைகூட ஆறுதல் பரிசுக்கு மேல் கிடைத்ததில்லை. அதனால் யாரும் வளர்க்காத ஒன்றை வளர்ப்பது என்று மார்க்கெட் விதைக்கடையில் பாக்கெட் பாக்கெட்டாகப் புரட்டி, வெள்ளைக் குண்டூசிப் பூ விதையை எடுத்து வந்தார். கம்பி மாதிரி மெலிந்த நீளக் காம்பு, உச்சியில் சுருக்கு வைத்துத் தைத்த வெள்ளைத் துணி போல இதழ்கள், நடுவில் சின்ன மெத்தை, அந்த மெத்தை முழுக்கக் குண்டூசிகளைச் செருகி வைத்தது போல வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் மகரந்தத் தலைகள்.

தேயிலைக்குப் பிடித்த மலைமண் இந்தப் பூவுக்குப் பிடிக்காது, அது புளித்த மண், சுண்ணாம்பு கலந்தால்தான் செடி வேர் பிடிக்கும். கடையில் விற்கிற சுண்ணாம்பைப் போடாமல், அவருடைய மனைவி மதலேன் உவரிப் பக்கத்துக் கடலோரத்திலிருக்கும் தன் பிறந்தவீட்டிலிருந்து கொண்டுவந்து வைத்திருந்த கிளிஞ்சல் சுண்ணாம்பை மூட்டையோடு பாத்தியில் கொட்டிக் கொத்திவிட்டார் எஸ்தாக்கி.

"கிறிஸ்மஸுக்கு வீட்டுக்கு அடிக்கன்னு கொண்டாந்தேன், மண்ணுக்கு வெள்ளையடிச்சிட்டீங்களே" என்று மதலேன் சொன்னாள். சொல்லிவிட்டு இருமினாள். கடற்கரை வெயிலில் வளர்ந்தவள் அவள். கல்யாணமாகி மலையேறி வந்த நாளிலிருந்து ஒரு குளிர்காலத்தைக்கூட அவள் மார்பு மன்னித்ததில்லை, இப்போது இளைப்பு முற்றிப் பேசும்போதே விசில் சத்தம் கேட்டது. "அடுத்த மழைக்கு நீங்க இந்தக் குளிர்ல இருக்கவே கூடாதும்மா" என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். தூத்துக்குடியில் மகள் ஜெசிந்தா இரண்டு பேருக்கும் மாடி அறையை ஒழித்து வைத்திருந்தாள். ஜூன் மழை இறங்குவதற்குள் இவர்கள் கீழே இறங்கிவிடவேண்டும் என்று முடிவாகியிருந்தது. எஸ்தாக்கியும் சரியென்றுதான் சொல்லியிருந்தார்.

தவக்காலத்தின் நடுவில் ஒரு நாள், வெயில் அப்போதுதான் மலை விளிம்பைத் தாண்டி வந்தபோது, பாத்திக்குக் கிழக்கே நின்று குனிந்து வாடின பூ ஒன்றைக் கிள்ளினார் எஸ்தாக்கி. கிள்ளி நிமிர்ந்து நகரப்போனார், குதிகாலில் ஏதோ இழுத்தது, வேட்டி நுனி முள்ளில் மாட்டினால் இழுக்குமே அந்த மாதிரி. திரும்பிப் பார்த்தால் வேட்டி மாட்டவில்லை. பாத்தியின் மேல் விழுந்திருந்த அவர் நிழலின் தலையிலும் தோளிலும் வெள்ளைப் பூக்கள் தங்கள் ஊசிகளை அழுத்திக் குத்தி நின்றன, அளவெடுத்த துணியை மேஜையில் விரித்துக் குத்தி வைத்தது போல. அவர் நகர்ந்தார், நிழல் நகரவில்லை.

"மதலேன், என் நிழல் மாட்டிக்கிச்சு" என்றார்.

அவள் அடுப்படி ஜன்னலிலிருந்து எட்டிப் பார்த்தாள். "எவ்வளவு தூரம் வர முடியுது?"

"கேட் வரைக்கும் வருது."

"அப்ப கேட்ல இருக்க பேப்பரை எடுத்துட்டு வாங்க."

அப்படித்தான் அது அந்த வீட்டுக்குள் வந்து சேர்ந்தது. நிழல் எவ்வளவு நீளுமோ அவ்வளவு தூரம் எஸ்தாக்கி போகலாம். காலையில் நீளம், மதியத்தில் முழம், மாலையில் மறுபடி நீளம். கூரைக்குக் கீழே அவர் இஷ்டம்போல நடக்கலாம், இருட்டிலும் பனியிலும் நடக்கலாம், வெயில் அடித்தால் மட்டும் பாத்தி அவரைத் தன்னிடம் இழுத்துக்கொள்ளும். பக்கத்துக் கேரட் காட்டுப் போஜன் வந்து பார்த்துவிட்டு, "இதுக்கா கவலைப்படறீங்கண்ணா, அறுத்து எறிஞ்சா ஆச்சு" என்று கதிரரிவாளால் ஒரு காம்பை அறுத்தான். எஸ்தாக்கி காதைப் பொத்திக்கொண்டு அலறினார். நிழலின் காதுப் பக்கம் கிழிந்து, அந்த இடத்தில் கட்டைவிரல் அளவுக்கு ஒரு வெளிச்சப் பொத்தல் விழுந்தது, அது பிறகு ஆறவே இல்லை. போஜன் அரிவாளைப் பின்னால் மறைத்துக்கொண்டு மன்னிப்புக் கேட்டான், யாரும் அதற்கப்புறம் பூத்து நிற்கிற காம்பில் கை வைக்கவில்லை.

காலனி இதற்குத் தக்கபடி தன்னை மாற்றிக்கொண்டது. முடிவெட்டுகிறவர் உச்சிப்பொழுதில் பாத்தி ஓரத்துக்கு வந்து கத்தரி போட்டார். மாதா கோவில் சாமியார் வெயிலடிக்கிற ஞாயிறுகளில் பூசை முடித்து நன்மை அப்பம் கொடுக்க நேரே தோட்டத்துக்கு வந்தார். போஜனின் சித்தப்பா இறந்தபோது, ஊர் வழக்கப்படி கீழ்ப்பாதையில் போகவேண்டிய பாடையை, எஸ்தாக்கி அண்ணன் கும்பிட வேண்டுமே என்று மேல்பாதையில் சுற்றிக் கொண்டுவந்தார்கள், அன்றைக்கு அவர் நிழல் தொட்ட தூரத்தில் பாடை நின்று போயிற்று. பாதையில் நடக்கிறவர்களுக்கும் ஒரு புதுப் பழக்கம் வந்தது. காலையில் கிழக்குப் பக்கமாக நடந்தால் நிழல் பாத்தியில் விழும், அதனால் காலையில் எல்லோரும் பாத்தியின் மேற்குப் பக்கமாகச் சுற்றிப் போனார்கள், மாலையில் கிழக்குப் பக்கமாக வந்தார்கள். கைப்பிள்ளைக்காரிகள் பிள்ளையின் நிழலையும் சேர்த்து முந்தானைக்குள் சுருட்டிக்கொண்டார்கள். மற்றபடி யாரும் பயப்படவில்லை. பயப்படுவதற்குப் பதில் விதை கேட்டு வந்தார்கள்.

கோயம்புத்தூருக்கு வேலைக்குப் போகிறேன் என்று நிற்கும் மகனைக் கட்டிவைக்க, சாயங்காலமானால் சாராயக்கடைக்கு நடக்கும் புருஷனைக் கட்டிவைக்க, கோபித்துக்கொண்டு தாய்வீடு போகிற மருமகளைக் கட்டிவைக்க என்று ஆளுக்கொரு தேவை. பாக்கெட்டில் மீந்திருந்த விதையை எஸ்தாக்கி கிள்ளிக் கிள்ளிக் கொடுத்தார். எவர் வீட்டிலும் இலைக்கு மேல் வரவில்லை. அவர்கள் மண்ணில் கடல் இல்லை.

"அப்ப உங்க பாத்தியவே கொஞ்சம் கடன் குடுங்கண்ணே" என்றாள் கைருன்னிசா. "என் மவன் ரஃபீக் திருப்பூர் போயே தீருவேன்னு நிக்கிறான். காலையில பால் குடுக்க அனுப்புறேன், பேச்சுக் குடுத்துக் கிழக்கால நிறுத்துங்க. மிச்சத்தைப் பூ பாத்துக்கும்."

எஸ்தாக்கி மறுக்கவில்லை. ஒருத்தர் மாட்டியிருக்கிற இடத்தில் இன்னொருத்தர் வந்தால் பேச்சுத் துணை ஆயிற்று என்றுகூட அவருக்குத் தோன்றியது, தோன்றியதும் அந்த நினைப்பைத் திருப்பிப் போட்டுப் பார்த்து வெட்கப்பட்டார், ஆனாலும் மறுக்கவில்லை. ரஃபீக் வந்தான். பளீரென்ற வெயிலில் அம்மாவின் பெரிய கறுப்புக் குடையை விரித்துப் பிடித்துக்கொண்டு, மேற்குப் பக்கமாகச் சுற்றி வந்து, வேலிக்கு வெளியே நின்று பால் பாக்கெட்டை உள்ளே எறிந்தான்.

"கேட்ச் பிடிங்க மாமா. மதியம் பஸ்ல போறேன். அம்மாகிட்ட சொல்லிருங்க."

காலனி சிரித்தது, கைருன்னிசா அழுதாள், பிறகு அவளும் சிரித்தாள்.

ஈஸ்டர் முடிந்ததும் மதலேன் ஒரு வழி சொன்னாள். பனியில் நிழல் இல்லை, பனி மூடின காலையில் பஸ் ஏறிவிட்டால் கீழே போய்விடலாம். அப்படி ஒரு காலை வந்தது, கைக்கெட்டின தூரத்தில் கேட் தெரியாத பனி. இரண்டு பேரும் பெட்டியோடு ஏறினார்கள், ஊட்டியில் மாறி மேட்டுப்பாளையம் பஸ்ஸில் உட்கார்ந்தார்கள், பனி கூடவே இறங்கி வந்தது, குன்னூர் தாண்டியும் வந்தது, மதலேன் தாய்வீட்டுக்குப் போகிற சின்னப்பெண் போல ஜன்னலோரத்தில் நெற்றியை வைத்துக்கொண்டாள். பர்லியாருக்குக் கீழே ஒரு வளைவில் பனி தீர்ந்தது. வெயில் பஸ்ஸுக்குள் வந்து எஸ்தாக்கியின் மடியில் விழுந்தது. பஸ் நின்றது.

இன்ஜின் உறுமியது, சக்கரங்கள் புகைந்தன, பஸ் ஒரு அடி நகரவில்லை. எஸ்தாக்கி உட்கார்ந்திருந்த சீட் பின்னால் வளைந்து வளைந்து ஆணி தெறித்தது. டிரைவர் கிளட்ச் போயிற்று என்று இறங்கி அடியில் படுத்துப் பார்த்தார், பின்னால் லாரிகள் ஹாரன் அடித்தன. கண்டக்டர் ஒவ்வொரு சீட்டாகப் பார்த்துக்கொண்டே வந்து, எஸ்தாக்கியின் காலடியில் குனிந்து பார்த்து, மற்ற எல்லோர் காலடியிலும் கறுப்பாக ஒன்று கிடக்க இவர் காலடி மட்டும் வெறும் தகரமாக இருப்பதைக் கண்டு, நிமிர்ந்தார்.

"ஏனுங் பெரியவரே, நிழலை மேலயே விட்டுட்டு வந்துட்டீங்களா?"

"ஆமாங்க."

"லக்கேஜை மறந்துட்டு வர்றவங்களைப் பாத்திருக்கேன். எறங்குங்க, எடுத்துட்டு அடுத்த வண்டில வாங்க. நாப்பது சனம் காத்துட்டு நிக்கிறாங்கல்ல?"

அவர் இறங்கினார். இறங்கின கணமே பஸ் முன்னால் துள்ளிப் பாய்ந்தது. கொஞ்ச தூரத்தில் மறுபடி நின்றது, மதலேன் பெட்டியோடு இறங்கி மூச்சு வாங்க மேட்டில் ஏறி வந்தாள். அவள் மூச்சின் விசில் சத்தத்தைக் கேட்டுக்கொண்டே எஸ்தாக்கி மலையேறும் பஸ்ஸுக்குக் காத்திருந்தார். உள்ளுக்குள் எங்கோ ஓர் ஓரத்தில், பள்ளிக்கூடம் லீவு என்று கேட்ட பிள்ளைக்கு வருமே, அப்படி ஒரு லேசு. அது என்ன, அது ஏன் என்று ஊர் வந்து சேரும்வரை தன்னைத்தானே கேட்டுக்கொண்டு வந்தார்.

அன்று சாயங்காலம் வரப்பில் நின்றுகொண்டு போஜன்தான் பேச்செடுத்தான்.

"இது என்ன பெரிய மந்திரமாண்ணா? தினம் காலையில வாடின பூவைக் கிள்ளி விடறீங்க. கிள்ளக் கிள்ளச் செடி புதுசா பூத்துக்கிட்டேதான் இருக்கும். வாடினதை அப்படியே விடுங்க. விதை கட்டிரும், விதை கட்டிட்டா செடிக்கு வேலை முடிஞ்சுது, பூக்கிறத நிறுத்திரும். ஊசி தானா உதிரும். மூணு வாரம் கையைக் கட்டிட்டு உக்காருங்க, போதும்."

"எனக்குத் தெரியாதா அது?" என்றார் எஸ்தாக்கி. தெரியும். வாட்டும் மாடியில் முப்பது வருஷம் நின்றவருக்கு அது தெரியாமல் இருக்குமா? "போட்டி வருது போஜா. நடுவருங்க வந்து பாத்துட்டுப் போகட்டும். அதுவரைக்கும் பூ இருக்கணும்ல?"

நடுவர்கள் வந்தார்கள். பூவின் ஊசிகளை, காம்பின் உயரத்தை, மண்ணின் பதத்தை எல்லாம் பார்த்தார்கள். பாத்தியில் படுத்திருந்த நிழலையும் அதன் காதுப் பொத்தலையும் பார்த்துவிட்டு, "இது அலங்காரத்தில் சேருமா, பராமரிப்பில் சேருமா?" என்று தங்களுக்குள் பேசிக்கொண்டு, பராமரிப்பில் சேர்த்தார்கள். முதல் பரிசு எஸ்தாக்கிக்கு. பூக்காட்சி மேடைக்கு அவரால் போகமுடியவில்லை, மதலேன்தான் போய்க் கைதட்டலுக்கு நடுவே கோப்பையை வாங்கிக்கொண்டு வந்தாள், ஃபிரிட்ஜ் மேல் வைத்தாள்.

"ஆச்சு. நாளைக்குக் கிள்ளாதீங்க" என்றாள்.

மறுநாள் காலையில் அவர் பாத்திக்குப் போனார், வாடின பூவைப் பார்த்தார். இதழ் பழுப்பேறி, மெத்தை உப்பி, ஊசிகள் தளர்ந்து சாய்ந்திருந்தன. நிழலின் தோள் அந்த இடத்தில் கொஞ்சம் தூக்கிக்கொண்டிருந்தது. இன்னும் சில நாள் விட்டால் அது காய்ந்து, காகிதத்தில் கத்தரித்த நட்சத்திரங்களை உருட்டி வைத்தது போல விதைப்பந்தாக நிற்கும். இது ஒன்றுதானே என்று அவர் விரல் போயிற்று. பத்தொன்பது வயதில் மலையேறி வந்தவர், ஒரு வருஷம் இருந்துவிட்டு இறங்கிவிடுவேன் என்று சொல்லிக்கொண்டே வயதானவர். கீழே போனால் என்ன இருக்கிறது என்று யோசித்தார்: மகள் வீட்டு மாடி அறை, பிளாஸ்டிக் நாற்காலி, மருமகன் ஆபீஸ் போகும்போது சொல்லிவிட்டுப் போகிற வணக்கம், எவருக்கும் மணி சொல்லாத ஒரு நிழல். அதற்குப் பயமா? இல்லை, இந்த மலைமேல் அப்படி என்ன பிரியம்? அதுவும் இல்லை. முப்பது வருஷமாய், கீழே போய்விடலாம் என்று அவள் கேட்டபோதெல்லாம் பேக்டரியில் லீவு இல்லை என்றார், பிறகு மகள் படிப்பு என்றார், பிறகு பென்ஷன் என்றார். பூ குத்துவதற்கு முன்னால் தன்னைப் பிடித்து வைத்திருந்தது எது என்று தேடினார், தேடிக்கொண்டிருக்கும்போதே கிள்ளி முடித்திருந்தார்.

ஜன்னலில் மதலேன் நின்றுகொண்டிருந்தாள். ஜன்னலை மெதுவாகச் சாத்தும் சத்தம் மட்டும் வந்தது.

ஜூன் வந்தது. முதல் மழை இரண்டு நாள் கொட்டியது, இரண்டு நாளும் மதலேன் தலையணைகளை அடுக்கிவைத்து உட்கார்ந்தபடியே தூங்கினாள். உதடு ஊதாவாக மாறியதைப் பார்த்துவிட்டு போஜன் தன் ஜீப்பைக் கழுவி வாசலில் நிறுத்தினான். "நாளைக்குக் காலையில அக்காவை மேட்டுப்பாளையத்துல கொண்டுபோய் ரயில் ஏத்திடறேன். நீங்க எப்ப வர முடியுமோ அப்ப வாங்கண்ணா" என்றான், எஸ்தாக்கியின் முகத்தைப் பார்க்காமல்.

மறுநாள் மழை விட்டிருந்தது. கழுவிவிட்டது போல வெயில், கிழக்கிலிருந்து சாய்ந்து வந்து ஒவ்வொரு புல்லுக்கும் ஒரு நிழல் கொடுத்திருந்தது. எஸ்தாக்கி பாத்திக்குக் கிழக்கே நடைபாதையில் நின்றார். நிழலின் தலை எப்போதும் போலப் பூக்களுக்குள் கிடந்தது. பெட்டி ஜீப்பில் ஏறிவிட்டது. நீலச் சேலையும் கம்பளிச் சால்வையுமாக மதலேன் வாசல்படியில் வந்து நின்றாள்.

"மதலேன், இங்க வா. ராத்திரி மழையில புதுசா ஒண்ணு பூத்திருக்கு. இவ்வளவு பெருசா பூத்ததே இல்ல. ஒரு தடவை பாத்துட்டுப் போ."

தன் பக்கத்தில், நடைபாதையில், கிழக்கே, அவளுக்கு இடம் விட்டு நகர்ந்து நின்றார்.

சொல்லி முடித்த பிறகுதான் வெயில் எந்தப் பக்கம் அடிக்கிறது என்று அவர் நினைத்துப் பார்த்தார். அல்லது முன்னாலேயே நினைத்திருந்தார். எது முதலில் வந்தது என்று பின்னால் எத்தனையோ தடவை யோசித்தும் அவரால் சொல்ல முடியவில்லை.

மதலேன் படியில் நின்றபடியே வெயிலைப் பார்த்தாள். அவர் நகர்ந்து விட்ட இடத்தைப் பார்த்தாள். பிறகு படியிலிருந்து இறங்கி, வீட்டுச் சுவர் ஓரமாக, தண்ணீர்த் தொட்டியைச் சுற்றி, ஈர மண்ணில் செருப்புப் புதையப் புதைய, பாத்தியின் மேற்குப் பக்கத்துக்கு வந்து சேர்ந்தாள். அவள் நிழல் அவளுக்குப் பின்னால் விழுந்து, வேலியைத் தாண்டி, போஜனின் கேரட் காட்டில் நீளமாகக் கிடந்தது.

"இங்கிருந்தே தெரியுது" என்றாள். "நல்லாதான் இருக்கு."

இரண்டு பேருக்கும் நடுவில் பாத்தி இருந்தது. வெள்ளைப் பூக்கள் காற்றில் ஆடின, நிழல் மட்டும் ஆடவில்லை.

"சோத்துக்கு கைருன்னிசாகிட்ட சொல்லியிருக்கேன். மாத்திரை டப்பா ஜன்னல்ல இருக்கு." மூச்சு வாங்கிக்கொண்டாள். "ஒண்ணே ஒண்ணு செய்வீங்களா?"

"சொல்லு."

"கையை ஸ்வெட்டர் பைக்குள்ள போட்டுக்கங்க. இன்னிக்கு ஒரு நாள் வெளியில எடுக்காதீங்க. ஒரு நாள் இருந்துட்டா அடுத்த நாள் இருக்கலாம்."

எஸ்தாக்கி இரண்டு கைகளையும் ஸ்வெட்டர் பைகளுக்குள் போட்டுக்கொண்டார். அவள் அதைப் பார்த்துவிட்டுத் தலையசைத்தாள், வந்த வழியே சுற்றிக்கொண்டு போய் ஜீப்பில் ஏறினாள். ஜீப் வளைவில் திரும்பும்போது அவர் கையசைக்க நினைத்தார், பையிலிருந்து எடுக்கவில்லை. நினைத்ததை அவள் புரிந்துகொண்டிருப்பாள் என்று நினைத்துக்கொண்டார்.

வெயில் ஏற ஏற நிழல் சுருங்கி அவரைப் பாத்தியிடம் கொண்டுவந்து உட்காரவைத்தது. கைருன்னிசா கொண்டுவந்த சோற்றை முக்காலியில் வைத்துவிட்டு, "கையை எடுத்துச் சாப்பிடுங்கண்ணே" என்றாள், "அப்புறம்" என்றார் அவர். பட்டாம்பூச்சிகள் வந்து போயின. பக்கத்தில் மூன்று பூக்கள் வாடி நிற்பதை அவர் பார்த்தார், பார்க்காதது போலக் கண்களை மலைப்பக்கம் திருப்பினார், மறுபடி பார்த்தார். மாலை வெயிலில் மேற்கே நகர்ந்தார். வரப்பு வரை போகவில்லை, காலையில் அவள் நின்ற இடத்தில், அவள் செருப்புப் பதிந்த ஈரக்குழிகளுக்குப் பக்கத்திலேயே நின்றுகொண்டார். அன்றைக்கு மாடுகளை நேரத்தோடு பிடித்துக் கட்ட முடியாமல் பெண்கள் திண்டாடினார்கள்.

வெயில் மறைகிற நேரத்தில் வீட்டுக்குள் போன் அடித்தது. கையை எடுக்காமல் குனிந்து, தோளுக்கும் காதுக்கும் நடுவில் ரிசீவரை இடுக்கிக்கொண்டார்.

"மதியமே மேட்டுப்பாளையம் வந்தாச்சுங்க, சாயங்கால ரயிலுக்கு உக்காந்திருக்கேன்" என்றது மதலேனின் குரல், விசில் சத்தம் குறைந்து, முப்பது வருஷத்துக்கு முந்தின குரல். "இங்க என்னமா காயுது தெரியுமா! சால்வையைக் கழட்டிட்டேன். ஸ்டேஷன்ல வேர்த்து ஊத்துது, நான் பாட்டுக்கு உக்காந்து வேர்த்துக்கிட்டிருக்கேன்."

"நல்லது" என்றார். "நல்லது மதலேன்."

"கிள்ளலையே?"

"இல்ல."

"நெசமா?"

"சோறுகூட சாப்பிடல. கையை எடுக்கவே இல்ல."

அந்தப் பக்கம் அவள் அழுகிறாளா சிரிக்கிறாளா என்று தெரியவில்லை, ரயில் வருகிற சத்தத்தில் இரண்டும் ஒன்றாகக் கேட்டது. "மூணு வாரம்ங்க. அப்புறம் நீங்க வந்துரலாம்" என்றாள். போன் அறுந்தது.

ரிசீவரை வைப்பதற்காக எஸ்தாக்கி வலது கையைப் பையிலிருந்து வெளியே எடுத்தார். கையோடு சேர்ந்து ஏதோ தரையில் உதிர்ந்தது. குனிந்து பார்த்தார். பழுப்பேறிய மூன்று பூத்தலைகள். அவர் விரல் நகங்களின் இடுக்கில் பச்சைச் சாறு இன்னும் ஈரம் காயாமல் இருந்தது.